பெயரை மட்டும் மாற்றக் கூடாது

எழுந்திருக்கக் கூடாது என்று டாக்டரம்மா சொல்லிவிட்டார்.

அது எங்களுக்கு மூன்றாவது. முதல் இரண்டும் தங்கவில்லை. ஒன்று ஐந்தாம் மாதத்தில் போயிற்று. அடுத்தது ஆறாம் மாதம் வரை இருந்து போயிற்று. மூன்றாவதுக்கு நாலு மாதம் ஆனபோது லேசாக உதிரம் பட்டது. என் மனைவியைக் கூட்டிக்கொண்டு பாண்டி ஆஸ்பத்திரிக்குப் போனேன். டாக்டரம்மா பார்த்துவிட்டு என்னைத்தான் திட்டினார். கட்டிலின் கால்மாட்டில் செங்கல் வைத்து உயர்த்து, தலை தாழ்ந்து இருக்கட்டும், கொல்லைக்குப் போவதைத் தவிர எதற்கும் இவள் கால் தரையில் படக் கூடாது என்றார். எத்தனை நாளைக்கு என்று கேட்டேன். பிறக்கும் வரைக்கும் என்றார்.

எங்களிடம் கட்டில் கிடையாது. தரையில் படுப்பவர்கள். பக்கத்து வீட்டில் மளிகைக்கடை வைத்திருந்த பாய் குடும்பம். அவர் தன் வீட்டுக் கயிற்றுக் கட்டிலைத் தானே தூக்கிக்கொண்டு வந்து போட்டார். செங்கல் நான் வைத்தேன்.

எனக்குப் பாகூரில் அரிசி மில்லில் வேலை. நெல்லை அவிப்பது, களத்தில் கொட்டுவது, காலால் கிளறிக் காய வைப்பது. மெஷின் ஓடும்போது ஒருவன் சொல்வது இன்னொருவனுக்குக் கேட்காது. கைஜாடைதான் பேச்சு. சோற்றுக்கு ஒரு ஜாடை, தண்ணீருக்கு ஒரு ஜாடை, முதலாளி வருகிறார் என்பதற்கு ஒரு ஜாடை. அந்த வேலைக்கு வருவதற்கு முன்பும் நான் பேசுகிறவன் இல்லை. படிப்பு மூன்றாம் வகுப்போடு சரி.

அவள் அப்படி இல்லை. நெட்டப்பாக்கத்துக்காரி. நடவு, களையெடுப்பு, அறுப்பு எல்லாவற்றுக்கும் போகிறவள். போகிற இடத்தில் கையோடு வாயும் வேலை செய்யும். உட்கார்ந்து சாப்பிட்டு நான் அதிகம் பார்த்ததில்லை. அவளைப் போய்ப் படுக்கச் சொன்னார்கள்.

முதல் வாரம் படுத்திருந்தாள். அடுத்த வாரம் நான் மில்லிலிருந்து வந்ததும் கூரையைக் காட்டினாள்.

"மாமா, இங்க இருக்கிற பல்லிக்கெல்லாம் ஒறவுமொற வெச்சிட்டேன். அந்தக் கழிகிட்ட இருக்கறது மாமியாரு. இந்தக் குட்டவாலு மருமவ. ரெண்டுக்கும் பேச்சுவார்த்த இல்ல."

சிரித்தேன். அதற்கடுத்த வாரம் சிரிப்பு வரவில்லை. வந்து பார்த்தால் வீடு கூட்டியிருந்தது.

"யாரு கூட்டுனது?"

"காத்து."

"அடுப்பாண்ட சாம்பல அள்ளுனது?"

"அதுவும் காத்துதான். இன்னிக்கு நல்ல காத்து மாமா."

நான் திட்டவில்லை. திட்டி என்ன ஆகப் போகிறது. காலையில் போனால் பொழுது சாயத்தான் வருவேன். மதியத்தில் பாயம்மா, பாயின் வீட்டம்மா, வந்து சோறு கொடுத்து உட்கார்ந்துவிட்டுப் போவார். மற்ற நேரமெல்லாம் அவளைக் கட்டிலில் யார் பிடித்து வைப்பது? அவள் மனம் எதிலாவது படுத்தால்தான் உடம்பும் படுக்கும் என்று எனக்குப் பட்டது.

தாயக்கட்டம் போட்டேன். பாய் கடையில் பழைய காலண்டர் தாள் ஒன்று வாங்கி, அதன் வெள்ளைப் பக்கத்தில் கரியால் கட்டம் கிழித்தேன். புளியங்கொட்டைகளை ஒரு பக்கம் தரையில் தேய்த்து வெள்ளையாக்கினேன். குலுக்கிப் போட்டு, வெள்ளை எத்தனை விழுகிறதோ அத்தனை கட்டம் காயை நகர்த்த வேண்டும். கட்டிலை ஒட்டி முக்காலி போட்டு அதன் மேல் தாளை விரித்தேன். ஒருக்களித்துப் படுத்தபடியே அவள் ஆடலாம். தாயத்தில் பெருக்கல் குறி போட்ட கட்டங்கள் உண்டு. அதில் இருக்கிற காயை எதிராளி வெட்ட முடியாது. நாங்கள் அதை மலை என்போம். அவள் மேடு என்றாள். அவள் ஊர் வழக்கம் போல என்று விட்டுவிட்டேன்.

கொஞ்ச நாளில் அவளுக்கு அலுத்துவிட்டது. எப்போது ஆடினாலும் அவள்தான் ஜெயித்தாள்.

"சும்மா உருட்டறதுல இன்னா இருக்குது? நம்ம காயி எங்க போவுது, எதுக்குப் போவுது, ஒண்ணும் தெரியல. ஒவ்வொரு மேட்டுக்கும் பேரு வெக்கலாம் மாமா."

மறுநாள் நான் வருவதற்குள் பெயர்கள் தயாராக இருந்தன. காட்டு வாசலில் நிற்கிற ராட்சசன் மொட்டைக்கொம்பன். கிணற்றுக்குள் அரண்மனை கட்டி வாழ்கிற ராணி ஏழுகண்ணி. யார் பேசினாலும் அந்தச் சத்தத்தை விழுங்கிவிடுகிற குளம் ஊமைமடு. புல்லால் கட்டின கோட்டை கோரைக்கோட்டை. எல்லாவற்றையும் தாண்டி, கட்டத்தின் நடுவில் போய்ச் சேருகிற ஊர் விடியூர். பகல் முழுக்க அவள் மல்லாந்து படுத்து அதையெல்லாம் யோசித்திருக்கிறாள். தரை கூட்டவில்லை. அதுவே எனக்குப் போதும் என்றிருந்தது.

அந்தக் கட்டத்தில் ராட்சசன் இருந்தான், ராணி இருந்தாள், பாம்பும் பருந்தும் இருந்தன. குழந்தை மட்டும் எங்கேயும் இல்லை. நான் கேட்கவில்லை. அந்தப் பேச்சை இரண்டு பேருமே எடுப்பதில்லை.

காய் ஒரு மேட்டுக்கு வந்தால், அங்கே இருப்பது எப்படி இருக்கும் என்று காய்க்காரர் சொல்ல வேண்டும். அது அவள் போட்ட சட்டம். என் காய்தான் முதலில் போயிற்று.

"சொல்லு மாமா. மொட்டைக்கொம்பன் எப்டி இருப்பான்?"

"பெருசா இருப்பான்."

"ம். ஏழுகண்ணி?"

"நல்லா இருப்பா."

"ஊமைமடு?"

"பெருசா இருக்கும்."

"கோரைக்கோட்ட?"

யோசித்தேன். "பெருசா, நல்லா இருக்கும்" என்றேன்.

அவள் கண்ணை மூடிக்கொண்டாள். "கட்டிக்கினு வரும்போது உங்க வூட்ல எனக்கு ரெண்டு பாத்தரம் குடுத்தாங்க. வார்த்தையும் ரெண்டுதானா?"

அப்புறம் சட்டத்தை மாற்றினாள். ஒரு மேட்டைப் பற்றி ஒரு தடவை சொன்ன வார்த்தையை மறுபடி சொல்லக் கூடாது. அவள் சொன்னதை நானும் சொல்லக் கூடாது. தப்பிச் சொல்லிவிட்டால் காய் புறப்பட்ட இடத்துக்கே திரும்ப வேண்டும்.

"பேர மட்டும் மாத்தக் கூடாது மாமா. பேரு அவங்களுது. மத்ததெல்லாம் நம்முளுது."

அந்த வாரம் முழுக்க என் காய் காட்டு வாசலைத் தாண்டவில்லை.

மில்லில் சாப்பாட்டு நேரத்தில் மெஷின் நிற்கும். பாய்லருக்கு உமி தள்ளுகிறவர் ஒருவர் இருந்தார். எங்கே கூத்து நடந்தாலும் போகிறவர். அவரிடம் கேட்டேன்.

"அண்ணே, பெருசுன்றதுக்கு வேற இன்னா சொல்லலாம்?"

அவர் கையிலிருந்த கவளம் பாதி வழியில் நின்றது. "டேய், இவன் வாயத் தொறந்துட்டான்டா!" என்று மற்றவர்களைக் கூப்பிட்டார்.

"இன்னா, கூத்து கட்டப் போறியா?" என்றான் ஒருவன்.

"வூட்ல கேக்கறா."

"மொதலாளி வவுத்தப் பாரு. அதுக்கு இன்னா வார்த்த தோணுதோ அத்தச் சொல்லு."

எல்லோரும் சிரித்தார்கள். சிரித்து முடித்துவிட்டு ஆளுக்கொன்று கொடுத்தார்கள். ஆனைத்தண்டி என்றான் ஒருவன். தடியன் என்றான் ஒருவன். கூத்துக்காரர் கொஞ்சம் நிமிர்ந்து உட்கார்ந்து, "அண்டம் முட்ட வளந்தவன்னு சொல்லு. எங்க வாத்தியாரு அத்தச் சொல்லும்போது பொம்பளைங்க புள்ளைங்கள இழுத்து மடியில வெச்சுக்குவாங்க" என்றார்.

மதியம் நெல்லைக் காலால் கிளறிக்கொண்டே அதை மனப்பாடம் செய்தேன். ஒரு வரிசை போகும்போது ஆனைத்தண்டி. திரும்பி வரும்போது அண்டம் முட்ட. எனக்கு உதடு அசைந்திருக்கும் போல. களத்தின் அந்தப் பக்கத்திலிருந்து ஒருவன் கும்பிடு போட்டுக் காட்டினான். சாமியாராகிவிட்டேன் என்று ஜாடை.

அன்று சாயங்காலம் என் காய் காட்டு வாசலைத் தாண்டியது. அண்டம் முட்ட என்றதும் அவள் தலையைத் தூக்கப் பார்த்தாள். "படு, படு" என்றேன்.

"யாரு சொன்னது உனுக்கு?"

"நானேதான்."

"பொய்யி. ஆனா சேத்துக்கறேன்."

பிறகு எல்லோரும் இதில் சேர்ந்துவிட்டார்கள். பாயம்மா மதியத்தில் அவளோடு ஆடினார். "ராணி ராணின்னு எத்தினி வாட்டிதான் சொல்லுவீங்க? பேகம்னு சொல்லுங்கடி" என்றாராம். அவர் வீட்டில் பேச்சே வேறு. தொழுகைக்கு முன்னால் கை கால் கழுவுகிற தொட்டிக்கு ஹவுள் என்று ஒரு பெயர் சொல்வார்கள். அதை ஊமைமடுவுக்குத் தரமாட்டேன், அது சுத்தமான இடம், இந்தச் சத்தம் தின்கிற குளத்துக்கு அதையெல்லாம் சொல்லக் கூடாது என்று மறுத்துவிட்டாராம். மணப்பட்டிலிருந்து மீன் கூடை கொண்டு வருகிற அம்மா, வாசலில் நின்று விஷயத்தைக் கேட்டுவிட்டு, "ஆழம் ஆழம்னா எப்டி? எத்தினி பாகம்னு சொல்லு. நாங்க பாகத்துலதான் அளப்போம்" என்றிருக்கிறாள். இரண்டு கையையும் விரித்தால் வருகிற நீளம் ஒரு பாகம். அன்று சாயங்காலம் ஊமைமடு நூறு பாகம் ஆகியிருந்தது.

கடன் வாங்கின வார்த்தைகள் தீர்ந்தன. மில்லிலும் எல்லோருக்கும் தீர்ந்துவிட்டது. ஒரு நாள் என் காய் மறுபடி மொட்டைக்கொம்பனிடம் வந்தபோது என்னிடம் ஒன்றும் இல்லை. அவள் அவசரப்படுத்தவில்லை. நான் அன்றைக்குக் கண்ணால் பார்த்ததைச் சொன்னேன்.

"அவன் நின்னா, நம்ம மில்லு பொகக்கூண்டு அவன் முட்டிக்கு வரும். நெறம் வந்து, உமி எரிஞ்சு அடங்குன பின்ன உள்ள கிடக்கும் பாரு, அந்தக் கருப்பு. அவன் மூச்சு வுட்டா பாய்லர் தொறந்த மாதிரி சுடும்."

அவள் கையிலிருந்த காயைக் கீழே வைத்தாள்.

"மாமா, நீ தெனம் இதுக்குள்ளயா வேல செய்யற?" என்றாள்.

கல்யாணமாகி அத்தனை வருஷத்தில் மில்லுக்குள் எப்படி இருக்கும் என்று நான் அவளுக்குச் சொன்னதே இல்லை. கேட்டால், வேலைதான் என்றிருப்பேன்.

அதன் பிறகு எனக்கு வார்த்தை தேடுவது கொஞ்சம் சுலபமாயிற்று. களத்தில் வெயில், கிளறும்போது காலடியில் நெல் விலகுகிற விதம், ஊறவைத்த தொட்டியிலிருந்து வருகிற வாடை, ஏரிக்கரை மேல் நாரைகள் வந்து இறங்குவது, எல்லாம் அந்த நாலைந்து மேட்டுக்குள் போய்ச் சேர்ந்தன. அவள் ஆறாம் மாதத்துக்கு வந்தாள். போன தடவை கலைந்த நாள் கணக்கு வந்தது. அன்று நான் வேலைக்குப் போகவில்லை. ஏன் என்று அவள் கேட்கவில்லை. காலையிலிருந்து ஆடினோம். அந்த நாள் போயிற்று.

அந்த வாரத்தில் ஒரு சாயங்காலம் அவளிடம் கேட்டேன்.

"உனுக்கு மட்டும் எங்கேருந்து வருது இத்தினி வார்த்த? நீயும் என்ன மாதிரிதான படிச்ச."

"நீ கத்துக் குடுத்தது."

"நானா?"

"உன் பேரு கடசீல இன்னா வருது, சொல்லு."

என் பெயர் மலை என்று முடியும். எங்கள் பக்கத்தில் ஆண்களில் பாதிப் பேர் பெயர் அப்படித்தான். "மலை" என்றேன்.

"அந்த வார்த்தைய நான் சொல்லி எப்பனா கேட்டு இருக்கியா?"

நினைத்துப் பார்த்தேன். கேட்டதில்லை. செஞ்சிக்கு ஒரு முறை போனபோது, பஸ்ஸில் இருந்தபடி மலையைப் பார்த்து, "அய்ய, எவ்ளோ பெரிய கல்லுக்குமி" என்றாள். தாயத்தில் மேடு என்றாள். என் அப்பா பெயரில் ஒரு கிழமை உண்டு. சந்தை என்றைக்கு என்று கேட்டால், வியாழனுக்கு மறுநாள் என்பாள். விளையாட்டுப் பேச்சு என்றே நான் நினைத்திருந்தேன்.

"புருசன் பேர வாயால சொன்னா ஆயுசு கொறையும்னு எங்கம்மா சொல்லி அனுப்புனாங்க. உன் ஆயுசுல நான் எதுக்குக் கை வெக்கணும்? அந்த வார்த்தகிட்ட வந்தா நாக்கு தானா வேற பக்கம் திரும்பிக்கும். பழகிப் போச்சு."

"சொன்னா ஒண்ணும் ஆவாது."

"ஆவாதுன்னு நீ சொல்ற. ஆயிட்டா நான்தான் உக்காந்து அழணும்."

அத்தனை வருஷமாக ஒரு வார்த்தையை எனக்காக விட்டு வைத்திருந்தாள். எனக்குத் தெரியவே இல்லை. காயைப் பார்த்துக்கொண்டிருந்தேன். பிறகு கேட்டேன்.

"அப்ப ஆட்டத்துல மட்டும் பேர மாத்தக் கூடாதுன்ற?"

அவள் புளியங்கொட்டைகளை ஒவ்வொன்றாக எடுத்து உள்ளங்கையில் சேர்த்தாள்.

"போன ரெண்டுக்கும் பேரு வெக்கல இல்ல மாமா. நெனச்சிக்கலாம்னு பாத்தா, எதச் சொல்லி நெனைக்கறது? மொதலு, ரெண்டாவதுன்னு எண்ணத்தான் முடியுது. மூட்ட எண்ற மாதிரி."

அவள் கையிலிருந்து கொட்டைகளை வாங்கிக் குலுக்கிப் போட்டேன். எத்தனை விழுந்தது என்று நான் பார்க்கவில்லை. அவளும் பார்க்கவில்லை.

ஏழாம் மாதம் நடந்துகொண்டிருந்தது. நான் களத்தில் இருந்தேன். மெஷின் ஓடிக்கொண்டிருந்தது. பாய் சைக்கிளில் வந்து கேட் ஓரம் நின்றார். கடையை விட்டு அந்த நேரத்தில் வருகிற ஆள் இல்லை. வாயைத் திறந்து எதையோ கத்தினார். கேட்கவில்லை. அப்புறம் கையால் வீட்டுப் பக்கம் காட்டினார். வயிற்றில் கை வைத்துக் காட்டினார். எங்கள் மில்லில் வயிற்றில் கை வைத்தால் சோறு என்று அர்த்தம். பக்கத்தில் நின்றவன், "பாய் சோத்துக்குக் கூப்புடறாரு" என்று ஜாடை காட்டிச் சிரித்தான். நான் மிதித்துக்கொண்டிருந்த நெல்லிலேயே ஓடினேன்.

ஆடு செய்த வேலை. யாருடையதோ ஒரு வெள்ளாடு, வாசலில் படல் திறந்திருக்க உள்ளே வந்திருக்கிறது. முக்காலியிலிருந்த காலண்டர் தாளைக் கவ்வியிருக்கிறது. அவள் ஓட்டிப் பார்த்திருக்கிறாள். போகவில்லை. கோரைக்கோட்டை வரைக்கும் வாய்க்குள் போய்விட்டது. அவளுக்கு மனசு தாங்கவில்லை. இறங்கி, தாளின் மறு முனையைப் பிடித்து இழுத்திருக்கிறாள். ஆடு விடவில்லை. அவளும் விடவில்லை. சத்தம் கேட்டுப் பாயம்மா வந்து பார்த்தபோது அவள் தரையில் உட்கார்ந்திருந்தாள். கையில் கால்வாசித் தாள். புடவையில் உதிரம்.

பாய் ஒரு பிளஷர் காரைப் பிடித்து வந்துவிட்டார். பின் சீட்டில் பாயம்மா மடியில் அவள் தலை, என் மடியில் கால். கிருமாம்பாக்கம் தாண்டுகிற வரைக்கும் பாயம்மா உதடு ஓதிக்கொண்டிருந்தது.

"மாமா, திட்டிடு" என்றாள்.

"எதுக்கு?"

"எந்திரிச்சிட்டேன் இல்ல."

"ஆடு எந்திரிக்க வெச்சுது" என்றேன். அவள் காலைப் பிடித்துக்கொண்டேன். படுத்தே கிடந்து, நடவு வயலில் நின்ற கால் குச்சியாகிவிட்டிருந்தது.

டாக்டரம்மா மறுபடி என்னைத் திட்டினார். நின்று வாங்கிக்கொண்டேன். குழந்தை துடிப்பு இருக்கிறது, ஆனால் இனி வீட்டுக்கு அனுப்ப மாட்டேன் என்றார். அவளை வார்டில் போட்டார்கள். அங்கேயும் கட்டிலுக்குச் செங்கல்.

எனக்கு அந்த ஆட்டத்தின் மேலேயே வெறுப்பாகிவிட்டது. நான் கிழித்த கட்டம்தானே அவளைக் கட்டிலிலிருந்து இறக்கியது. மீதி இருந்த தாளை அடுப்பில் வைத்தேன். சாயங்காலம் பார்வை நேரத்தில் போனபோது இதைச் சொன்னேன்.

"நல்லதாப் போச்சு" என்றாள். "இனிமே எந்த ஆடும் வந்து தின்ன முடியாது. வா, ஆடலாம்."

"எதுல ஆடறது?"

"உன் காயி ஏழுகண்ணியாண்ட இருந்துது. என்னுது ரெண்டு, ஊமைமடுவுல ஒண்ணு, வாசல்ல ஒண்ணு. மறந்துட்டியா?"

மறக்கவில்லை. எனக்கும் எல்லாம் அப்படியே இருந்தது. புளியங்கொட்டைக்குப் பதிலாக இரண்டு பேரும் ஒரே நேரத்தில் விரல் நீட்டி எண்ணிக்கொண்டோம். கட்டம் காற்றில் இருந்தது. தினமும் மில் முடிந்து பஸ் பிடித்து வருவேன். பார்வை நேரம் கொஞ்சம்தான். வரும் வழியெல்லாம் ஜன்னலோரம் அன்றைக்கான வார்த்தையைப் பார்த்துக்கொண்டே வருவேன்.

வார்டில் மற்ற பொம்பளைகளும் கேட்க ஆரம்பித்தார்கள். முதலில் எனக்குக் கூச்சமாக இருந்தது. குரலைத் தாழ்த்திக்கொண்டேன். பக்கத்துக் கட்டில் அம்மா சும்மா இருக்கவில்லை.

"அண்ணே, கொஞ்சம் ஒரக்கச் சொல்லு. நேத்து அந்த ராணி கெணத்துல வெளக்கு ஏத்தினத எங்களுக்குச் சொல்லாமப் பூட்ட. கடைசீல உம் பொண்டாட்டிதான் சொன்னா."

"அவ சொன்னது வேற, இவரு சொன்னது வேற" என்றாள் எதிர்க் கட்டிலில் ஒருத்தி.

"வேறதான் சொல்லணும்டி. அதான் ஆட்டம்."

நர்சம்மா கூட மருந்துத் தட்டோடு ஒரு தரம் நின்றுவிட்டுப் போனார். மொட்டைக்கொம்பனுக்கு ஊசி போட்டால் எங்கே போடுவது என்று கேட்டார். அவள் சிரித்தாள். வயிறு குலுங்கச் சிரிக்காதே என்று நர்சம்மாவே அதட்டினார்.

எட்டு மாதம் முடிந்து சில நாட்களில் வலி கண்டது. நான் போனபோது உள்ளே கொண்டுபோய்விட்டார்கள். வராந்தாவில் நின்றேன். உட்காரச் சொன்னார்கள். உட்காரவில்லை. நாலைந்து மாதமாகச் சேர்த்து வைத்த வார்த்தைகளில் ஒன்றுகூட அப்போது எனக்கு வரவில்லை. சாமியிடம் கேட்கக்கூட வரவில்லை. சுவரில் வெயில் ஏறுவதையும் இறங்குவதையும் பார்த்துக்கொண்டிருந்தேன்.

உள்ளே ஒரு அழுகை கேட்டது. மெலிசாக. அது எங்களுடையதுதானா என்று தெரியவில்லை. வேறு யாராவதாக இருக்கலாம் என்று மனசை இறுக்கிக்கொண்டேன்.

நர்சம்மா கதவைத் திறந்தார். "பொண்ணு. எடை கொஞ்சம் கம்மி. பயம் ஒண்ணும் இல்ல. வாங்கிக்க."

வாங்கிக்கொண்டேன். மூட்டை தூக்குகிற கை. அதற்குப் பாரமே தெரியவில்லை. சூடு மட்டும் தெரிந்தது.

அவளைப் பார்க்க விட்டபோது பொழுது இறங்கியிருந்தது. முகம் வெளுத்துக் கிடந்தாள். மயக்கம் சரியாகத் தெளியவில்லை. கண்ணைத் திறக்காமல் கேட்டாள்.

"பாத்தியா?"

"பாத்தேன்."

"எப்டி இருக்கா மாமா?"

"அவிச்சு, அப்பத்தான் களத்துல கொட்டுன நெல்லு மாதிரி" என்றேன். "கையி வெச்சா ஆவி தெரியுது."

அவள் கண்ணிலிருந்து தண்ணீர் காதுப் பக்கம் வழிந்தது. துடைத்துவிட்டேன். "இன்னும் சொல்லு" என்றாள். குழந்தையை அவள் பக்கத்தில் வைத்தேன். அவளே பார்த்துக்கொண்டாள்.

அன்றைக்கே பெயர் வைத்துவிட்டாள். இவ்வளவு சீக்கிரம் வைக்கக் கூடாது, நாள் கிழமை பார்க்க வேண்டும் என்று வார்டில் எல்லோரும் சொன்னார்கள். கேட்கவில்லை. காதோடு வாய் வைத்து மூன்று முறை சொன்னாள். அந்தப் பெயரை நான் இங்கே சொல்லவில்லை. அது குழந்தையுடையது.

எடை ஏறுகிற வரைக்கும் வைத்திருந்து அனுப்பினார்கள். அவளுக்கு நடை மறந்து போயிருந்தது. வார்டிலிருந்து வாசல் வருவதற்குள் இரண்டு இடத்தில் நின்றாள். ரிக்‌ஷா வைக்கிறேன் என்றேன். வேண்டாம், தரை நல்லா இருக்குது, நடக்கிறேன் என்றாள். என் தோளைப் பிடித்துக்கொண்டாள். குழந்தை என் கையில். பஸ் ஸ்டாண்டு வரைக்கும் அப்படியே வந்தோம்.

பாகூர் பஸ்ஸில் கூட்டம். ஒருவர் எழுந்து இடம் கொடுத்தார். அவள் ஜன்னலோரம் உட்கார்ந்து குழந்தையை வாங்கி முந்தானைக்குள் வைத்துக்கொண்டாள். நான் பக்கத்தில் கம்பியைப் பிடித்து நின்றேன். கண்டக்டர் நெருக்கிக்கொண்டு வந்தார்.

"எங்க?"

"பாகூரு."

"எத்தினி?"

நான் வாயைத் திறப்பதற்குள் அவள், "மூணு" என்றாள்.

கண்டக்டர் அங்கும் இங்கும் பார்த்தார். "மூணாவது ஆளு எங்கம்மா?"

அவள் முந்தானையைக் கொஞ்சம் விலக்கிக் காட்டினாள்.

"அய்ய, கைக்கொழந்தைக்கெல்லாம் டிக்கெட் கெடையாதும்மா."

"கெடையாதுன்னா? ஒரு ஆளு வருது இல்ல? குடு."

"இன்னாம்மா நீ. ஊரு ஒலகத்துல டிக்கெட் வாங்காம எப்டித் தப்பிக்கலாம்னு பாக்கறாங்க." அவர் என் பக்கம் திரும்பினார். "நீயாச்சும் சொல்லுய்யா. எத்தினி கிழிக்கட்டும்?"

"மூணு" என்றேன்.